நீறு பூத்த பிறகு கறியை வையுங்கள்

போன இதழில் உப்புக்கண்டம் பற்றி எழுதியிருந்தேன். அதை வெயிலில் காயவைப்பதைப் பற்றி யாரும் கேட்கவில்லை. வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் கரி அடுப்பில் மாட்டு விலாக்கறி சுடுவதைப் பற்றித்தான். சிங்கப்பூர், மலேசியாவில் வேலை பார்த்துவிட்டு வரும் பிள்ளைகள் அங்கே கொரியக் கடையில் சாப்பிட்ட 'கல்பி'யை வீட்டில் செய்துதரச் சொல்லிக் கேட்கிறார்களாம். எங்கள் வீட்டிலும் அதுதான் நடந்தது. அதனால் இந்த முறை முழுப் பக்கமும் விலாக்கறிக்கே.

ராத்தா, என் மகன் சிங்கப்பூரிலிருந்து விடுமுறைக்கு வந்திருக்கிறான். அவன் காட்டிய செய்முறைப்படி சோயா சாஸ், பேரிக்காய், பூண்டு எல்லாம் போட்டு ராத்திரி முழுக்க ஊறவைத்தேன். காலையில் கரியில் வைத்து, பக்கத்துக்கு நாலு நிமிஷம் சுட்டேன். நிறமும் வாசனையும் அப்படியே வந்தன. வாயில் வைத்தால் மெல்லவே முடியவில்லை. தப்பு என்னுடையதா, கறிக்கடைக்காரருடையதா?
– வாசகி, கூத்தாநல்லூர்

உங்கள் மேலும் தப்பில்லை, கடைக்காரர் மேலும் தப்பில்லை. மாட்டின் வயதைத்தான் அந்தச் செய்முறை கணக்கில் எடுக்கவில்லை.

கொரியாவில் கல்பிக்கு அறுக்கும் மாடு தானியம் தின்று கொழுத்தது. வயது இரண்டரை வருஷம் இருக்கும். கறிக்குள்ளேயே கொழுப்பு வெள்ளைக் கோடு கோடாக ஓடும். அதை நாலு நிமிஷம் சுட்டால் போதும். தமிழ்நாட்டில் 1958ஆம் வருஷத்து விலங்குப் பாதுகாப்புச் சட்டம் இருக்கிறது. பத்து வயது தாண்டி, உழவுக்கும் இனப்பெருக்கத்துக்கும் உதவாது என்று சான்று வாங்கிய மாட்டையோ, காயம் ஊனத்தால் இனி எதற்கும் ஆகாது என்று ஆன மாட்டையோதான் அறுக்க முடியும். நம் கைக்கு வருவது பெரும்பாலும் வண்டியும் ஏரும் இழுத்து, வைக்கோல் தின்று வாழ்ந்த உடம்பு. இல்லாவிட்டால் எருமை. கறியில் ருசி குறைவு என்று நான் ஒருநாளும் சொல்லமாட்டேன். உழைத்த மாட்டின் கறிக்கு இருக்கிற மணம் இளம் மாட்டுக்குக் கிடையாது. ஆனால் அதைச் சமைக்க நேரம் வேண்டும்.

விலா எலும்பை ஒட்டி வெள்ளையாக ஒரு சவ்வு இருக்கும், கறிக்கு நடுவிலும் அதே வெள்ளை பின்னிக்கொண்டு போகும். மாடு வயதாக ஆக அது கெட்டிப்படும். நாலு நிமிஷத் தீயில் அந்தச் சவ்வு சுருங்குமே தவிரக் கரையாது. உங்களுக்கு மெல்ல முடியாமல் போனது அதனால்தான். அதே சவ்வு ஈரத்தோடு நீண்ட நேரம் வெந்தால் பிசினாகிவிடும். ஆட்டுக்கால் சூப் குடித்தபின் விரலும் விரலும் ஒட்டுமே, அந்தப் பிசின்தான். சோயா சாஸும் பேரிக்காயும் கறியின் மேல்பக்கத்தைத்தான் தொடும். எலும்போரத்துச் சவ்வு வரைக்கும் அவை போய்ச் சேருவதில்லை.

அதனால் நான் இரண்டு அடுப்பில் செய்கிறேன், முதலில் குக்கர், அப்புறம் கரி. ஒன்றரைக் கிலோ விலாவுக்கு என் கணக்கு இது. சோயா சாஸ் ஆறு மேசைக்கரண்டி, அதே அளவு தண்ணீர். மளிகைக் கடையில் ஃப்ரைடு ரைஸுக்கென்று விற்கும் கறுப்புச் சாஸில் உப்புத் தூக்கலாக இருக்கும், தண்ணீர் சேர்க்காமல் ஊற்றாதீர்கள். நாட்டுச் சர்க்கரை மூன்று மேசைக்கரண்டி, துருவிய பேரிக்காய் ஒன்று, பூண்டு பத்துப் பன்னிரண்டு பல், சுண்டுவிரல் நீள இஞ்சி, சின்ன வெங்காயம் ஒரு கைப்பிடி, மிளகுத்தூள் ஒரு தேக்கரண்டி. பூண்டு, இஞ்சி, வெங்காயம் மூன்றையும் அரைத்து மற்றதோடு கலந்து, கறியில் பிசறி நாலைந்து மணி நேரம் ஃப்ரிட்ஜில் வையுங்கள். பிறகு அந்த ஊறல் தண்ணீரோடு அப்படியே குக்கரில் போட்டு, இன்னும் ஒரு டம்ளர் தண்ணீர் ஊற்றுங்கள். முதல் விசில் வந்ததும் தீயைச் சிம்மில் வைத்து இருபது நிமிஷம். எருமையாக இருந்தால் அரை மணி நேரம்.

பதம் எப்படித் தெரியும் என்றால், கத்தி முனை கறிக்குள் தடையில்லாமல் இறங்கவேண்டும், ஆனால் எலும்பைப் பிடித்து ஆட்டினால் கழன்று வரக்கூடாது. கழன்றால் அது குழம்புக்குத்தான் ஆகும், கம்பி வலையில் நிற்காது.

இப்போது அவசரப்படாமல் செய்யவேண்டிய வேலை ஒன்று இருக்கிறது. கறியை அந்தச் சாற்றிலேயே ஆறவிடுங்கள். சூட்டோடு எடுத்தால் உடைந்துபோகும், ஈரமும் ஆவியாகப் போய்விடும். ஆறியபின் எடுத்துத் தட்டில் வைத்துவிட்டு, சாற்றை மட்டும் வாணலியில் ஊற்றித் தேன்பதம் வரும்வரை சுண்டவையுங்கள். அதுதான் சுடும்போது தடவுவதற்கு.

இனிக் கரி. எங்கள் உம்மா ஹஜ்ஜுப் பெருநாள் முடிந்து பத்துப் பதினைந்து நாளில் உப்புக்கண்டத்தைக் கொடியிலிருந்து இறக்கிக் கொல்லைப்புறம் சுடுவார். கொட்டாங்கச்சிக் கரி தகதகவென்று சிவந்து எரியும். நாங்கள் பசியோடு சுற்றி உட்கார்ந்திருப்போம். உம்மா கறியைத் தொடவே மாட்டார். விசிறியை மடியில் வைத்துக்கொண்டு பார்த்துக்கொண்டே இருப்பார். கரித்துண்டு ஒவ்வொன்றின் மேலும் சாம்பல் நிறத்தில் மெல்லிய போர்வை படரும். ஊதினால் சாம்பல் பறந்து உள்ளே செவப்புத் தெரியும், விட்டால் மறுபடி மூடிக்கொள்ளும். "இப்பதான் நீறு பூத்திருக்கு, கொண்டா" என்பார். அதற்கு முன்னால் ஒரு துண்டுகூட வலையில் ஏறாது. இத்தனை வருஷம் ஆகியும் நான் அடுப்பு பார்ப்பது அந்தக் கண்ணால்தான். உள்ளங்கையை ஒரு சாண் உயரத்தில் காட்டி நாலு எண்ணுங்கள். நாலுக்குமேல் வைத்திருக்க முடியாமல் கையை இழுத்தால் சூடு சரி. இரண்டிலேயே இழுத்தால் இன்னும் பொறுங்கள்.

கறி ஏற்கெனவே வெந்தது. பக்கத்துக்கு மூன்று நிமிஷம் போதும். சுண்டவைத்த சாற்றைக் கடைசி இரண்டு நிமிஷத்தில்தான் தடவவேண்டும். அதில் சர்க்கரை இருக்கிறது. முன்னாலேயே தடவினால் கருகிக் கசக்கும். நம் மாட்டில் கொழுப்புக் குறைவு என்பதால் கடையில் கேட்டுக் கொஞ்சம் கொழுப்பு வாங்கி உருக்கி, வலையில் வைக்கும் முன் கறிமேல் பூசுங்கள். உங்கள் மகனிடம் கொடுத்துவிட்டு எனக்கு எழுதுங்கள்.

கறிக்கடையில் போய் 'ஷார்ட் ரிப்ஸ்' என்று கேட்டால் தெரியவில்லை என்கிறார்கள். 'நெஞ்செலும்பு' என்றால் கொத்திப் பையில் போட்டுவிடுகிறார்கள். எப்படிக் கேட்பது?
– வாசகர், மயிலாடுதுறை

கொத்த ஆரம்பிக்கும் முன் சொல்லவேண்டும், அவ்வளவுதான். மாட்டுக்கு இரண்டு பக்கமும் பதின்மூன்று பதின்மூன்று விலா எலும்பு. அதில் முதுகுப் பக்கத்தை விட்டுவிட்டு, நெஞ்சை நோக்கி இறங்கும் கீழ்ப்பாதியில் முன்னங்காலுக்குப் பின்னால் நாலைந்து எலும்பில்தான் கறி தடிமனாக இருக்கும். "முன்விலா, கீழ்ப்பக்கம், கொத்தவேண்டாம், எலும்பு எலும்பாகப் பிரித்துக் கொடுங்கள், ஒவ்வொன்றும் நாலு விரல் நீளம்" என்று சொல்லுங்கள். உங்கள் விலாவிலேயே கையை வைத்துக் காட்டினால் இன்னும் நல்லது, கடைக்காரர்கள் சொல்லைவிடக் கையைத்தான் பார்ப்பார்கள். காலை ஆறு மணிக்குள் போய்விடுங்கள். எட்டு மணிக்குப் போனால் எல்லாம் குழம்புத் துண்டாகியிருக்கும்.

படங்களில் நீங்கள் பார்த்திருக்கும் மெல்லிய துண்டில் மூன்று எலும்பு வட்டம் வட்டமாகத் தெரியும். அது ரம்பத்தில் குறுக்கே அறுத்தது. புளியமரக் கட்டையில் வைத்து வெட்டுக்கத்தியால் அப்படிச் செய்யச் சொல்லி வற்புறுத்தாதீர்கள். எலும்பு சில்லுச் சில்லாகத் தெறிக்கும், அந்தச் சில்லு கறிக்குள் போய் உட்கார்ந்துவிடும். குழந்தைகள் சாப்பிடும் வீட்டில் அது ஆபத்து.

சூவோன் என்ற ஊர் கொரியாவில் விலாக்கறிக்குப் பேர்போனது. ரம்பம் இல்லாத காலத்திலிருந்தே அவர்களுக்குப் பழக்கமான வெட்டு ஒன்று உண்டு, நமக்கு அதுதான் தோது. ஒற்றை எலும்பை எடுத்துக் கட்டையில் வையுங்கள், கறிப்பக்கம் மேலே. எலும்போடு ஒட்டினாற்போலக் கத்தியைப் படுக்கையாக விட்டு, மறு ஓரம் வருவதற்கு அரை விரல் முன்னால் நிறுத்துங்கள். கறியைப் புத்தகம் திறப்பது போல் புரட்டிப் போடுங்கள். இப்போது புரண்ட கறி இன்னும் தடிமனாக இருக்கும். அதையும் நடுவில் படுக்கையாகக் கீறி, ஓரத்தை விட்டு, மறுபடி புரட்டுங்கள். மூன்று தடவையில் சுருட்டி வைத்த கோரைப்பாயை உதறி விரித்ததுபோல் ஒரு சாண் நீளத்துக்குக் கறி விரியும், முனையில் எலும்பு தொங்கும். தடிமன் எல்லா இடத்திலும் ஒரே மாதிரி இருக்கட்டும், பென்சில் கனம் போதும். மேலே கத்தியால் குறுக்கும் நெடுக்குமாகக் கோடு போடுங்கள், ஆழமாக வேண்டாம். நார் அறுபடும்.

கறி இளசாகக் கிடைத்த அன்றைக்கு இப்படி விரித்து ஆறு மணி நேரம் ஊறவைத்துக் குக்கர் இல்லாமலே சுடலாம். பக்கத்துக்கு இரண்டு நிமிஷம். இளசா முற்றலா என்று கொழுப்பைப் பார்த்தே சொல்லிவிடலாம். மாட்டுக் கொழுப்பு வெள்ளையாக இருந்தால் வயது குறைவாக இருக்கலாம், நல்ல மஞ்சள் ஏறியிருந்தால் அது புல் மேய்ந்து வயதான மாடு, குக்கர் இல்லாமல் ஆகாது. எருமைக்கு இந்தக் கணக்குச் செல்லாது, அதன் கொழுப்பு எப்போதும் வெள்ளைதான்.

இன்னொன்று. வாங்கிய அன்றே சுடாதீர்கள். அறுத்த சில மணி நேரத்தில் கறி விறைக்கும், அந்த விறைப்போடு சுட்டால் எந்த வித்தையும் பலிக்காது. மூடி ஃப்ரிட்ஜில் ஒரு நாள் முழுக்க வைத்தால் தளர்ந்து கொடுக்கும்.

பப்பாளிக்காய் போட்டால் கறி மெத்தென்று ஆகும் என்றார்கள். நிறையவே போட்டேன். சுட்டபோது மேலே கூழாகி வலையில் ஒட்டிக்கொண்டது, உள்ளே ரப்பர். ஏன் ராத்தா?
– வாசகி, அதிராம்பட்டினம்

இதே வேதனையை நானும் பட்டிருக்கிறேன். மகளைப் பார்க்க மாப்பிள்ளை வீட்டார் வந்த நாள். இரண்டு கிலோ விலாவுக்கு உள்ளங்கை அளவு பப்பாளிக்காயைத் தோலும் பாலுமாக அரைத்துப் பூசி ராத்திரி முழுக்க விட்டுவிட்டேன். காலையில் கறியைத் தொட்டால் விரல் பதிகிறது. வலையில் வைத்ததும் மேல்தோல் அப்படியே உரிந்து கரியில் விழுந்தது. அன்றைக்கு எலும்பிலிருந்து எல்லாவற்றையும் வழித்தெடுத்து, கொத்துக்கறியாக வதக்கி, ரொட்டியோடு வைத்தேன். வந்தவர்கள் நன்றாகத்தான் சாப்பிட்டார்கள். ஆனால் இரண்டு கிலோ விலாவை ஆசை ஆசையாக வாங்கி வந்தவர் முகத்தை என்னால் மறக்க முடியவில்லை.

பப்பாளிப் பாலில் இருக்கும் பொருள் கறியின் நாரையே அறுக்கக்கூடியது. ஆனால் பூசிய இடத்தில்தான் வேலை செய்யும், உள்ளே நாலைந்து மில்லிமீட்டருக்குமேல் போவதே கஷ்டம். குளிரில் அது சோம்பிக் கிடக்கும். கறி சூடேறி அறுபது, எழுபது டிகிரி தொடும் நேரத்தில்தான் அதன் வேகம் உச்சத்துக்குப் போகும். அதனால்தான் ஃப்ரிட்ஜில் ஒன்றும் ஆகாததுபோல் தெரிந்து, அடுப்பில் வைத்ததும் கூழாகிறது. விரித்து வெட்டிய மெல்லிய கறிக்கு, கிலோவுக்கு ஒரு தேக்கரண்டி விழுது, ஒரு மணி நேரம். அதற்குமேல் வேண்டாம். குக்கரில் வேகவைக்கப் போகும் கறிக்குப் பப்பாளி வேண்டவே வேண்டாம்.

அன்னாசியும் இதே குணம்தான், பச்சை அன்னாசியைச் சொல்கிறேன். டப்பாவில் வருவது சூடுபடுத்தி அடைத்தது. அது இனிப்புக்கு மட்டும்தான் ஆகும்.

கும்பகோணத்தில் வாடகை வீடு. மொட்டை மாடியில் சுட நினைக்கிறோம். கீழ்வீட்டில் சைவம் சாப்பிடும் பெரியவர்கள் இருக்கிறார்கள். வீட்டுக்காரருக்கு நாங்கள் மாட்டுக்கறி சாப்பிடுவது தெரியும், ஒன்றும் சொன்னதில்லை. ஆனாலும் தயக்கமாக இருக்கிறது அக்கா.
– வாசகி, கும்பகோணம்

தயங்குகிறீர்களே, அதுவே உங்கள் நல்ல மனசு. ஆனால் உங்கள் சாப்பாட்டுக்காக நீங்கள் வெட்கப்படவேண்டியதில்லை. ஒளித்துச் செய்யாதீர்கள். ஒளித்தால்தான் அது பெரிய விஷயமாகும். கீழே போய், "அம்மா, ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் மாடியில் அடுப்பு மூட்டப்போறோம், புகை வரலாம். உங்களுக்குத் தோதான நேரம் எது?" என்று கேளுங்கள். அமாவாசை, பிரதோஷம், வீட்டில் திவசம் என்று ஏதாவது இருந்தால் அவர்களே சொல்வார்கள், அன்றைக்கு வேண்டாம். நாற்பது வருஷமாக எங்கள் தெருவில் பல வீட்டாரோடு இப்படித்தான் இருந்து வருகிறேன்.

புகை வருவது கரியிலிருந்து இல்லை. கொழுப்பும் சாறும் கனலில் சொட்டும்போதுதான் குபுகுபுவென்று கிளம்பும். குக்கரில் வேகவைத்து ஆறவைத்த கறியில் கொழுப்பு முன்னாலேயே உருகிச் சாற்றின் மேல் உறைந்திருக்கும், அதை வழித்தெடுத்துவிடலாம். உங்கள் வீட்டில் சுடும்போது மேலே கொழுப்புப் பூசவும் வேண்டாம், சுண்டிய சாற்றை மட்டும் மெல்லிசாகத் தடவுங்கள். புகை பாதியாகக் குறையும். காற்றையும் பாருங்கள். ஆடியில் மேல்காற்று, புகை கிழக்கே போகும். ஐப்பசிக்கு மேல் கொண்டல், மேற்கே தள்ளும். கீழ்வீட்டுச் சன்னல் எந்தப் பக்கம் என்று பார்த்து அடுப்பை எதிர் ஓரத்தில் வையுங்கள்.

மழைக்காலத்தில் வெளியே சுட முடியவில்லை. கரி அடுப்பை உள்ளே கூடத்தில் வைத்து, சாரல் அடிக்காமல் கதவைச் சாத்திக்கொண்டு சுடலாமா?
– வாசகர், திருவாரூர்

கூடாது. தயவுசெய்து கூடாது. நீறு பூத்த கனலில் புகையே தெரியாது, ஆனால் அதிலிருந்து கார்பன் மோனாக்சைடு வந்துகொண்டே இருக்கும். அதற்கு வாசனையும் இல்லை, நிறமும் இல்லை. தலைவலி, மயக்கம் என்று படுப்பவர்கள் எழுந்திருக்கவே மாட்டார்கள். சுட்டு முடித்தபின் அடுப்பு அணைந்தமாதிரி தெரிகிறதென்று குளிருக்கு உள்ளே தூக்கி வைப்பதும் அதே ஆபத்துத்தான். மழைத் தண்ணீர் படாத திறந்த தாழ்வாரமோ சன்ஷேடோ இருந்தால் அங்கே சுடுங்கள். இல்லையென்றால் இரும்புத் தோசைக்கல்லை நன்றாகக் காயவைத்து, வெந்த விலாவை அதில் புரட்டி, சாற்றைத் தடவி எடுங்கள். சன்னல் கதவைத் திறந்து வைத்து, ஒரே ஒரு கரித்துண்டை அடுப்பில் சுட்டு, சின்னக் கிண்ணத்தில் வைத்துக் கறிக்கு நடுவே இறக்கி, அரைத் தேக்கரண்டி நெய் விட்டுப் பாத்திரத்தை இரண்டு நிமிஷம் மூடுங்கள். பிரியாணிக்குச் செய்வோமே, அதேதான். பிறகு அந்தத் துண்டை வெளியே கொண்டுபோய்த் தண்ணீரில் போட்டுவிடுங்கள்.

செய்முறையில் 'மிரின்' என்று போட்டிருக்கிறது. அதில் மது இருக்கிறதாமே? எள் எண்ணெய் என்றால் நல்லெண்ணெயா?
– வாசகி, மன்னார்குடி

மிரின் அரிசியில் செய்யும் இனிப்பு மது. எங்கள் வீட்டில் விட்டுவிடுவோம். சர்க்கரை ஒரு கரண்டி கூடப் போட்டால் குறை தெரியாது. எள் விஷயம் அப்படியில்லை. அவர்கள் வறுத்த எள்ளில் ஆட்டுவார்கள். செக்கு நல்லெண்ணெய் பச்சை எள்ளில் ஆட்டியது, அந்த மணம் வராது. இரண்டு மேசைக்கரண்டி எள்ளைப் படபடவென்று வெடிக்கும்வரை வறுத்து, அம்மியில் ஓட்டி, நல்லெண்ணெயில் குழைத்துக் கடைசியில் கறிமேல் தூவுங்கள். ஊறல் கலவையில் போட்டு வீணாக்காதீர்கள்.

கிறிஸ்துமஸுக்கு இருபது பேர் வருகிறார்கள். அன்றைக்கே எல்லாம் செய்ய முடியுமா? எவ்வளவு வாங்குவது? பச்சைக் கறி ஊறிய தண்ணீரைச் சுடும்போது தடவலாமா?
– வாசகி, வேளாங்கண்ணி

கடைசிக் கேள்விக்கு முதலில் பதில். பச்சைக் கறி ஊறிய தண்ணீரைக் கொதிக்கவைக்காமல் தடவக்கூடாது. குக்கர் முறையில் அது கொதித்துத்தான் சுண்டுகிறது, கவலையில்லை. விரித்து வெட்டிய கறி என்றால், ஊறவைக்கும் முன்பே கலவையில் ஒரு கிண்ணம் தனியாக எடுத்து வைத்துவிடுங்கள். பச்சைக் கறிக்கு வைத்த இடுக்கியாலேயே வெந்த கறியை எடுக்கவும் கூடாது, இரண்டு வைத்துக்கொள்ளுங்கள்.

விலாவில் பாதி எலும்பு. தலைக்கு நானூறு கிராம் என்று எட்டுக் கிலோ வாங்குங்கள். இருபத்து மூன்றாம் தேதி காலையில் வாங்கி ஃப்ரிட்ஜில் வையுங்கள், இருபத்து நாலு காலையில் கலவையைப் பிசறி, மத்தியானம் குக்கரில் தவணை தவணையாக வேகவையுங்கள். சூடு தணிந்ததும் சாற்றோடு ஃப்ரிட்ஜில் வைத்தால், பூசை முடிந்து வந்தபிறகு சுடுவது மட்டும்தான் பாக்கி. சுடுவதற்கு ஒரு மணி நேரம் முன்னால் வெளியே எடுங்கள், பனிக்குளிரோடு வலையில் வைத்தால் மேலே கருகி உள்ளே ஜில்லென்று இருக்கும்.

கூட ஏதாவது பச்சையாக இருக்கட்டும். அவர்கள் கீரை இலையில் கறியைச் சுருட்டிச் சாப்பிடுவார்கள். இங்கே முட்டைக்கோஸின் உள்மடல் அதற்குப் போதும். சின்ன வெங்காயத்தை வினிகரில் ஊறப்போட்டு, பச்சைமிளகாய் கீறி வையுங்கள். கரிக்கு நாலு கிலோ கொட்டாங்கச்சிக் கரி வேண்டும். டிசம்பர் மழையில் ஈரம் கோத்த கரி புகைந்துகொண்டே இருக்கும், நீறு பூக்காது. இப்போதே வாங்கி, வெயில் அடிக்கும் நாளில் சாக்கைப் பிரித்துக் காயப்போட்டுவிடுங்கள்.